உலகை வென்ற ஓவியங்களும் வரைந்த கைகளும்

கடந்த 2025 ஆகஸ்டில், தனது 80ஆவது சுதந்திர தினத்துக்கு இந்தோனேசியா ஆயத்தமாகிக்கொண்டிருந்த வேளையில், அந்நாட்டின் லாரிகளிலும் வீட்டு வாசல்களிலும் ஒரு விநோதக் கொடி பறக்கத் தொடங்கியது. கறுப்புத் துணியில் சிரிக்கும் மண்டை ஓடு. அதன் தலையில் ஒரு வைக்கோல் தொப்பி. நாட்டைப் பிளவுபடுத்தும் முயற்சி இது என்று நாடாளுமன்றத்தின் துணைத் தலைவர் ஒருவர் கண்டித்தார். சில வாரங்களில் அதே கொடி காத்மாண்டுவில் தென்பட்டது. சமூக ஊடகத் தடைக்கும் ஊழலுக்கும் எதிராகத் திரண்ட நேபாள இளைஞர்கள், அரசுத் தலைமைச் செயலகமான சிங்க தர்பாரின் வாயிலில் அதைத் தொங்கவிட்டார்கள், பிரதமர் கே.பி.சர்மா ஓலி பதவி விலக நேர்ந்தது. அடுத்து மடகாஸ்கரில், வைக்கோல் தொப்பிக்குப் பதில் உள்ளூர்த் தொப்பி ஒன்றை அணிந்தபடி அந்த மண்டை ஓடு போராட்டக் களத்தில் தோன்றியது.

இந்தக் கொடி எந்தக் கட்சிக்கும் உரியதல்ல. ஜப்பானிய ஓவியர் ஐய்ச்சிரோ ஓடா 1997 ஜூலை முதல் வார இதழ் ஒன்றில் வரைந்துவரும் ‘ஒன் பீஸ்’ என்ற சித்திரக்கதையின் நாயகன் லூஃபியுடைய கப்பல் கொடி அது. உலகெங்கும் 50 கோடிப் பிரதிகளுக்கு மேல் அச்சாகியிருக்கும் அக்கதையில், ‘உலக அரசு’ என்றொரு அமைப்பு இருக்கிறது. அதன் உச்சியில் வாழும் பிரபுக்கள் சட்டத்துக்கு அப்பாற்பட்டவர்கள். சிறைப்பட்ட தோழி ஒருத்தியை மீட்பதற்காக அந்த அரசின் கொடியையே எரிக்கத் துணியும் கூட்டம்தான் லூஃபியின் கூட்டம். ஜகார்த்தாவிலும் காத்மாண்டுவிலும் இருந்த இளைஞர்களுக்கு இதற்கு உரை எழுதித்தர யாரும் தேவைப்படவில்லை.

ஜப்பானின் கேளிக்கைக் கலை உலகில் பெற்றிருக்கும் இடத்தைப் புரிந்துகொள்ள இதைவிடப் பொருத்தமான சான்று கிடைக்காது. இக்கொடியை அங்கு அனுப்பியது ஜப்பானிய வெளியுறவு அமைச்சகம் அல்ல. அதைப் பதிப்பித்த நிறுவனமும் அல்ல. எந்த அரசும் இப்படியொரு ‘ஏற்றுமதி’யை விரும்பியிருக்காது. ஆயினும், இதுவே உண்மையான செல்வாக்கு. அந்தச் செல்வாக்கை இன்று தன் பொருளாதாரத்தின் தூண்களில் ஒன்றாக்க ஜப்பான் அரசு முனைகிறது. அப்படியானால் ஒரு கேள்வி தவிர்க்க முடியாதது: இதன் பலன் யாரைச் சென்றடைகிறது?

எண்கள் சொல்வது: ஜப்பானிய அனிமேஷன் சங்கத்தின் கணக்குப்படி, 2023இல் அனிமே துறையின் மொத்தச் சந்தை மதிப்பு 3.34 லட்சம் கோடி யென். இதில் வெளிநாட்டுச் சந்தையின் பங்கு 1.72 லட்சம் கோடி. அதாவது, பாதிக்கு மேல். நெட்ஃபிளிக்ஸ் சந்தாதாரர்களில் பாதிக்கும் மேற்பட்டோர் அனிமே பார்ப்பதாக அந்நிறுவனம் 2025இல் அறிவித்தது. அதே ஆண்டு செப்டம்பரில் அமெரிக்கத் திரையரங்குகளில் வெளியான ‘டீமன் ஸ்லேயர்: இன்ஃபினிட்டி கேஸில்’, முதல் வாரயிறுதியிலேயே ஏறத்தாழ 7 கோடி டாலர் வசூலித்து முதலிடம் பிடித்தது. இந்தியாவில் அப்படம் தமிழ்க் குரலுடனும் வந்தது.

அனிமே, சித்திரக்கதை, வீடியோ கேம், திரைப்படம் அனைத்தையும் சேர்த்தால், 2023இல் ஜப்பான் வெளிநாடுகளில் ஈட்டிய தொகை சுமார் 5.8 லட்சம் கோடி யென். இது அந்நாட்டின் எஃகு ஏற்றுமதியோடும் குறைக்கடத்தி ஏற்றுமதியோடும் ஒப்பிடத்தக்கது. 2033க்குள் இதை 20 லட்சம் கோடி யென்னாக உயர்த்துவது என்று 2024இல் அரசு இலக்கு வகுத்தது. 2025 அக்டோபரில் பிரதமரான சனே தகாய்ச்சியின் அரசு, வளர்ச்சிக்காகத் தேர்ந்தெடுத்த 17 துறைகளில் இதையும் சேர்த்திருக்கிறது. செயற்கை நுண்ணறிவும் கப்பல் கட்டுதலும் இடம்பெறும் பட்டியலில் சித்திரக்கதைக்கும் ஓர் இடம்!

அரசு நட்டதல்ல: இந்த மரத்தை அரசு நட்டதாகச் சொல்ல முடியாது. 1963 ஜனவரி 1 அன்று, ஃபுஜி தொலைக்காட்சியில் ஒசாமு தெசுகாவின் ‘ஆஸ்ட்ரோ பாய்’ தொடங்கியது. வாரந்தோறும் அரை மணி நேர அனிமேஷன் தொடர் என்பது, அன்றைய ஜப்பானில் ஒருவரும் துணியாத காரியம். தெசுகா இரண்டு வழிகளில் அதைச் சாதித்தார். ஒன்று, ஓவியங்களின் எண்ணிக்கையைக் குறைத்தார். விநாடிக்கு 24 படச்சட்டங்கள் ஓடும் இடத்தில், ஒரே ஓவியத்தை மூன்று சட்டங்களுக்கு நிறுத்தி எட்டு ஓவியங்களில் ஒப்பேற்றினார். பல காட்சிகளில் உடல் அசையாது, உதடு மட்டும் அசையும். மற்றொன்று, தயாரிப்புச் செலவைவிடக் குறைந்த விலைக்குத் தொடரைத் தொலைக்காட்சிக்கு விற்றார். நட்டத்தை ஈடுகட்டியது, மிட்டாய் நிறுவனத்துக்கும் பொம்மை நிறுவனங்களுக்கும் பாத்திரத்தின் உருவத்தை விற்றதில் வந்த பணமும், அமெரிக்காவின் என்பிசிக்கு விற்ற உரிமைத் தொகையும்தான்.

குறைந்த அசைவு என்ற நெருக்கடியிலிருந்துதான் அனிமேவின் தனி அழகியல் பிறந்தது. நிலைத்த முகத்தில் உறையும் உணர்ச்சி, நீளும் மௌனம், கோணங்களின் நாடகம் எல்லாம் அதன் வழிவந்தவை. ஆனால், தயாரிப்புக் கூடத்துக்கு உரிய விலை தராமலே தொடரை வாங்கலாம் என்ற வழக்கமும் அன்றே தொடங்கியது. தெசுகாவின் முஷி புரொடக்‌ஷன் 1973இல் திவாலானது. அந்த வழக்கம் மட்டும் திவாலாகவில்லை.

சித்திரக்கதையின் வலிமை வேறொரு பட்டறையில் உருவானது. ‘ஷோனென் ஜம்ப்’ போன்ற வார இதழ்களில், வாசகர்கள் அஞ்சலட்டையில் அளிக்கும் வாக்குகளே ஒரு தொடரின் ஆயுளைத் தீர்மானித்தன. வரவேற்பில்லாத கதை சில வாரங்களில் முடித்துவைக்கப்படும். 1990களின் நடுவில் அவ்விதழ் 65 லட்சம் பிரதிகளைத் தொட்டது. ஒவ்வொரு வாரமும் பல லட்சம் சிறார்களின் தீர்ப்பைத் தாங்கி நின்ற கதைகளே எஞ்சின. வெளிநாட்டு ரசனை என்ற கணக்கே அதில் இல்லை. ரயில் நிலையத்தில் இதழை வாங்கிச் செல்லும் உள்ளூர்ப் பள்ளி மாணவனுக்காக எழுதப்பட்டவை அவை. உலகுக்காகச் செய்யப்படாத அந்த உள்ளூர்த்தன்மையே உலகை ஈர்த்தது என்பதைக் கொள்கை வகுப்போர் இன்றும் முழுமையாக உணர்ந்ததாகத் தெரியவில்லை.

பரவிய விதமும் அப்படியே. மலிவாகக் கிடைத்ததால் ஐரோப்பிய, அரபு, லத்தீன் அமெரிக்கத் தொலைக்காட்சிகள் 1970களில் அனிமே தொடர்களை வாங்கின. ‘கிரெண்டைசர்’ பிரான்சில் ‘கோல்டொராக்’ ஆனது. கால்பந்து வீரன் ‘கேப்டன் சுபாசா’ அரபு மொழியில் ‘கேப்டன் மாஜித்’ ஆனான். இணையம் வந்த பிறகு, ஊதியமின்றித் துணைத்தலைப்பு எழுதிய ரசிகர்களே பரப்புரையாளர்களாகவும் இருந்தார்கள். பதிப்புரிமைச் சட்டத்தின் கண்ணில் அது திருட்டு. சந்தையின் கண்ணில் அதுவே விதைப்பு. மகோதோ ஷின்காயின் ‘வெதரிங் வித் யூ’ 2019இல் இந்தியத் திரையரங்குகளுக்கு வந்ததும்கூட, இந்திய ரசிகர்கள் கையெழுத்திட்டு அனுப்பிய இணைய வேண்டுகோளின் பலன்தான். ஷின்சானையும் டோரேமானையும் தமிழ்க் குரலில் கேட்டு வளர்ந்த நம் குழந்தைகளுக்கு, அவர்கள் ஜப்பானியர் என்பது பிற்பாடு தெரிந்த செய்தி.

அரசு ஏறிய வண்டி: 2002இல் அமெரிக்க இதழாளர் டக்ளஸ் மெக்ரே, ‘ஃபாரின் பாலிசி’ இதழில் ஒரு கட்டுரை எழுதினார். பொருளாதாரம் தேங்கிய பத்தாண்டுகளில் ஜப்பான் பண்பாட்டு வல்லரசாக எழுந்துவிட்டது என்பது அதன் சாரம். ஜோசப் நை முன்வைத்த ‘மென்சக்தி’ என்ற கருத்தாக்கம் செல்வாக்குப் பெற்றிருந்த காலம் அது. டோக்கியோ விழித்துக்கொண்டது. 2008இல் வெளியுறவு அமைச்சகம் டோரேமானை ‘அனிமே தூதர்’ ஆக்கியது. 2016 ரியோ ஒலிம்பிக் நிறைவு விழாவில் பிரதமர் ஷின்சோ அபே, ‘சூப்பர் மாரியோ’ வேடத்தில் தோன்றினார். 2021 டோக்கியோ ஒலிம்பிக் தொடக்க விழாவில், நாடுகளின் அணிவகுப்புக்கு வீடியோ கேம் இசை ஒலித்தது.

அடையாளங்களை வரித்துக்கொள்வதில் அரசு வென்றது; முதலீட்டில் தோற்றது. 2013 நவம்பரில் அரசும் தனியாரும் சேர்ந்து தொடங்கிய ‘கூல் ஜப்பான் நிதியம்’, 2022 மார்ச்சுக்குள் 3,000 கோடி யென்னுக்கு மேல் நட்டத்தைக் குவித்தது. கோலாலம்பூரில் ஜப்பானியப் பொருள்களுக்கென அமைந்த பெருங்கடையில் அது முதலீடு செய்தது. இரண்டே ஆண்டுகளில் விலகிக்கொண்டது. ஜப்பானிய நிகழ்ச்சிகளை ஆசிய நாடுகளுக்கு ஒளிபரப்ப அதன் உதவியோடு இயங்கிய ‘வாகுவாகு ஜப்பான்’ அலைவரிசை 2022இல் மூடப்பட்டது. ரசிகர்களுக்குத் தேவைப்பட்டது ‘ஜப்பான்’ என்ற முத்திரை அல்ல, கதை. கடை விரித்தவர்கள் முத்திரையை விற்க முயன்றார்கள்.

அரசால் எதுவும் இயலாது என்பதல்ல இதன் பொருள். இராக்கின் சமாவா நகரில் ஜப்பானியப் படையினர் மறுசீரமைப்புப் பணியில் இருந்தபோது, ஜப்பான் வழங்கிய தண்ணீர் லாரிகளில் ‘கேப்டன் மாஜித்’ படம் ஒட்டப்பட்டிருந்தது. அந்த முகத்தை இராக்கியக் குழந்தைகள் ஏற்கெனவே நேசித்தார்கள். இருக்கும் அன்பின் மீது அரசு பயணம் செய்யலாம். அந்த அன்பை உற்பத்தி செய்ய இயலாது. எனில், அரசு உண்மையில் செய்யக்கூடியது என்ன? அதற்கான விடை, வெளிநாட்டுக் கடைவீதிகளில் இல்லை. டோக்கியோவின் புறநகர்களில் உள்ள வரைகூடங்களில் இருக்கிறது.

வரைபவர் பெறுவது என்ன?: இன்று பெரும்பாலான அனிமே தொடர்கள் ‘தயாரிப்புக் குழு’ என்ற முறையில் உருவாகின்றன. தொலைக்காட்சி நிறுவனம், பதிப்பகம், பொம்மை நிறுவனம், இசை நிறுவனம், விளம்பர நிறுவனம் ஆகியவை பங்குபோட்டு முதலீடு செய்யும். தொடரின் உரிமைகளும் வருவாயும் அதே விகிதத்தில் அவற்றுக்கே சேரும். உண்மையில் படத்தை உருவாக்கும் கூடம் பெறுவது, முன்கூட்டியே பேசப்பட்ட ஒரு தொகை. முதலீட்டில் அதற்குப் பங்கில்லாவிட்டால், தொடர் நூறு நாடுகளில் ஓடினாலும் அதன் வரவு கூடாது.

அந்தத் தொகைதான் கீழே இறங்கி ஓவியரை அடைகிறது. ஓர் அசைவின் முக்கிய நிலைகளை மூத்த ஓவியர் வரைய, அவற்றுக்கு இடையிலான படங்களை நிரப்புவது இளையவர்களின் வேலை. படத்துக்கு இத்தனை யென் என்பதே கூலி. ஒரு படத்துக்கு இருநூறு, முந்நூறு யென் என்பது நெடுங்கால வழக்கம். இவர்களில் பலர் நிரந்தர ஊழியர்கள் அல்லர். வணிகமும் மனித உரிமையும் குறித்து ஆராயும் ஐ.நா. பணிக்குழு 2023இல் ஜப்பானுக்குச் சென்றது. அடுத்த ஆண்டு அது அளித்த அறிக்கை, அனிமே ஓவியர்களின் குறைந்த ஊதியத்தையும் மிகை வேலை நேரத்தையும் தனியே சுட்டிக்காட்டியது. தொடக்க நிலை ஓவியரின் ஆண்டு வருமானம் 15 லட்சம் யென் வரை தாழ்ந்திருப்பதை அது பதிவுசெய்தது. மாதத்துக்கு ஒன்றேகால் லட்சம் யென்! டோக்கியோவில் ஒரு சிற்றறைக்கு வாடகை கொடுத்த பிறகு அதில் எவ்வளவு மிஞ்சும் என்பதை ஊகிக்கலாம்.

இந்நிலையில் புதியவர்கள் துறையில் நிலைப்பதில்லை. ஆள் பற்றாக்குறையால், இடைப்படங்கள் வரையும் பணி பல பத்தாண்டுகளாகவே தென் கொரியா, சீனா, பிலிப்பைன்ஸ், வியட்நாம் என்று வெளியேறிவருகிறது. இந்தச் சங்கிலி எவ்வளவு தூரம் நீளும் என்பதை, 2024 ஏப்ரலில் ‘38 நார்த்’ என்ற ஆய்வுத் தளம் வெளிப்படுத்தியது. வட கொரியக் கணினி வழங்கி ஒன்றில், அமெரிக்கத் தொடர்களுக்கும் ஜப்பானிய அனிமேவுக்கும் உரிய ஓவியக் கோப்புகள் சீன மொழிக் குறிப்புகளுடன் காணப்பட்டன. யார் வரைகிறார்கள் என்பதே தலைமை நிறுவனங்களுக்குத் தெரியாத அளவுக்குத் துணை ஒப்பந்தங்கள் அடுக்கடுக்காகப் பெருகியிருக்கின்றன.

தயாரிப்புக் குழு முறைக்கு ஆதரவாகவும் வாதம் உண்டு. அதைப் புறந்தள்ளிவிட முடியாது. ஆண்டுதோறும் வெளியாகும் நூற்றுக்கணக்கான தொடர்களில் வெற்றிபெறுபவை சிலவே. நட்டத்தைப் பலர் பகிர்ந்துகொள்வதால்தான் விநோதமான, துணிச்சலான கதைகளுக்கும் பணம் கிடைக்கிறது. முதலீடு செய்யாதவர் லாபம் கேட்பது எப்படி நியாயமாகும் என்று அவர்கள் கேட்கிறார்கள். ஆனால், பணத்தை இடுவது மட்டுமா முதலீடு? நலிந்த ஊதியத்தில் இளமையின் பத்தாண்டுகளைத் தரும் ஓவியர்தான் இத்துறையின் மிகப் பெரிய ‘இடர்’ முதலீட்டாளர். அவருடைய பங்குக்குத்தான் பத்திரம் இல்லை.

மாற்று வழி இல்லாமலும் இல்லை. கியோட்டோ அனிமேஷன் நிறுவனம், ஓவியர்களை மாத ஊதிய ஊழியர்களாக அமர்த்தியது. தன் சொந்தப் பயிற்சிப் பள்ளியில் ஆள்களை உருவாக்கியது. வேலையைத் தன் கூரைக்குக் கீழேயே வைத்துக்கொண்டது. அதன் படைப்புகளின் நுட்பத்துக்கு உலகெங்கும் ரசிகர்கள் உண்டு. 2019 ஜூலை 18 அன்று அந்நிறுவனத்துக்கு ஒருவர் தீவைத்ததில் 36 பேர் உயிரிழந்தார்கள். பல்லாண்டு உழைப்பில் வளர்ந்த ஒரு கலை மரபையே காலை நேரத் தீ ஒன்று விழுங்கியது. ஆயினும், நிறுவனம் மீண்டெழுந்தது. ஊழியர்களைப் பேணி வளர்த்த அமைப்பு என்பதும் அதற்கு ஒரு காரணம். ‘மாப்பா’ நிறுவனம், 2022இல் ‘செயின்சா மேன்’ தொடருக்குத் தானே முழு முதலீட்டையும் ஏற்றது. உரிமையைத் தன்னிடமே வைத்துக்கொள்ள எடுத்த துணிச்சலான முயற்சி அது.

எந்திரம் வரையும் காலம்: 2025 மார்ச்சில், சாட்ஜிபிடியின் உதவியால் உலகெங்கும் பலர் தங்கள் குடும்பப் படங்களை ஜிப்லி பாணி ஓவியங்களாக மாற்றி மகிழ்ந்தார்கள். ‘ஸ்பிரிட்டட் அவே’ உள்ளிட்ட படங்களில் ஹயாவோ மியாசாகியும் அவருடைய சகாக்களும் பல பத்தாண்டுகள் கையால் வரைந்து உருவாக்கிய பாணி, சில விநாடிகளில் யாருக்கும் கிடைத்தது. பாணிக்குப் பதிப்புரிமை இல்லை. ஆனால், அந்தப் பாணியை எந்திரம் கற்றது எவருடைய ஓவியங்களிலிருந்து?

இங்கேதான் ஜப்பான் அரசின் முரண் அப்பட்டமாகிறது. 2018இல் திருத்தப்பட்ட அந்நாட்டின் பதிப்புரிமைச் சட்டம், செயற்கை நுண்ணறிவுப் பயிற்சிக்குப் படைப்புகளை அனுமதியின்றிப் பயன்படுத்தப் பெருமளவு இடமளிக்கிறது. உலகிலேயே தாராளமான சட்டங்களில் ஒன்று அது. ஒரு கையால் படைப்புத் துறையை ஏற்றுமதித் தூணாக அறிவித்துவிட்டு, மறு கையால் அதன் கச்சாப்பொருளைத் திறந்துவிட்டிருக்கிறது அரசு. 2025 அக்டோபரில், ஜப்பானியப் படைப்பு நிறுவனங்களின் கூட்டமைப்பான ‘கோடா’, தன் உறுப்பினர்களின் படைப்புகளை அனுமதியின்றிப் பயிற்சிக்குப் பயன்படுத்த வேண்டாம் என்று ஓப்பன்ஏஐ நிறுவனத்துக்கு எழுத நேர்ந்தது. நிறுவனங்களுக்காகக் குரல் கொடுக்க ஒரு கூட்டமைப்பு இருக்கிறது. இடைப்படம் வரையும் இளைஞருக்கோ, எந்திரம் முதலில் பறிக்கப்போவது தன் இருக்கையை என்பது தெரிந்திருந்தும், பேச வலுவான அமைப்பில்லை.

செய்ய வேண்டியது: 2024 நவம்பரில் நடைமுறைக்கு வந்த தற்சார்புத் தொழிலாளர் பாதுகாப்புச் சட்டம், வேலையின் விவரத்தையும் கூலியையும் எழுத்தில் தர வேண்டும் என்கிறது, வேலையை ஒப்படைத்த 60 நாள்களுக்குள் பணம் தரவும் கட்டாயப்படுத்துகிறது. 2025 தொடக்கத்தில், திரைப்பட, அனிமே துறைகளின் ஒப்பந்த நடைமுறைகளை ஜப்பானிய நியாய வர்த்தக ஆணையம் ஆராயத் தொடங்கியது. இவை நல்ல அறிகுறிகள், போதுமானவை அல்ல. 20 லட்சம் கோடி யென் இலக்குக்காக இனி செலவிடப்படும் பொதுப் பணத்துக்கு நிபந்தனைகள் வேண்டும். குறைந்தபட்சக் கூலி, தயாரிப்புக் கூடத்துக்கு வெளிநாட்டு வருவாயில் ஒரு பங்கு, பயிற்சிக் காலத்துக்கு ஊதியம் ஆகியவற்றை உறுதிசெய்யும் தயாரிப்புகளுக்கே அரசு உதவி என்பது கடினமான விதி அல்ல. எத்தனை நாடுகளில் எவ்வளவு விற்றோம் என்று ஆண்டுதோறும் கணக்கெடுக்கும் அரசு, ஓர் இளம் ஓவியர் எத்தனை ஆண்டுகள் துறையில் நிலைக்கிறார் என்பதையும் அதே அறிக்கையில் வெளியிட வேண்டும்.

இந்த விவாதம் இந்தியாவுக்கும் தொடர்பற்றதல்ல. 2025 மே மாதம் மும்பையில் ‘வேவ்ஸ்’ உச்சி மாநாட்டை நடத்திய மத்திய அரசு, அனிமேஷன், வீடியோ கேம், காட்சி நுட்பத் துறைகளில் இந்தியாவை உலக மையமாக்கப்போவதாகச் சொல்கிறது. ஆனால், அதற்குச் சில மாதங்களுக்கு முன்புதான் பிரான்சின் டெக்னிகலர் குழுமம் நொடித்துப்போய், அதன் பெங்களூரு, மும்பைக் கூடங்களில் பணியாற்றிய ஆயிரக்கணக்கான இந்தியக் கலைஞர்கள் ஒரே வாரத்தில் வேலையிழந்தார்கள். ஹாலிவுட் படங்களின் இறுதிப் பெயர்ப் பட்டியலில் ஓடி மறையும் பெயர்கள் அவர்களுடையவை. பிறர் கதைக்குக் கூலிக்கு வரைவதையே தொழில்துறை வளர்ச்சியாகக் கொண்டால், ஜப்பானின் துயரம் மட்டும் நமக்குக் கிடைக்கும்; அதன் பெருமை கிடைக்காது. நம் சிறார்களுக்கான, நம் மொழிகளிலான கதைகளும், அவற்றின் உரிமையில் படைப்பாளிக்குப் பங்கும் இல்லாமல் எந்தக் கொள்கை ஆவணமும் பயன் தராது.

ஓடாவின் வைக்கோல் தொப்பிக் கொடியை ஜகார்த்தாவின் லாரி ஓட்டுநரும் காத்மாண்டுவின் மாணவரும் தங்கள் கொடியாக எடுத்துக்கொண்டதற்குக் காரணம், தங்கள் உழைப்பைச் சுரண்டும் அமைப்புக்கு எதிரான கதையாக அதை அவர்கள் படித்ததுதான். அந்தக் கதையை அசையும் படமாக்கி அவர்களிடம் கொண்டுசேர்த்த ஓவியர்களின் மேசையிலும் அந்த நியாயம் நடப்பாக வேண்டும். ஜப்பான் அரசு வகுத்திருக்கும் 2033 இலக்கு அதை வைத்தே மதிப்பிடப்பட வேண்டும்.